மன்னார்குடி மேஜர் கடை: பேட் வாங்கவும், பழைய பேட்டைப் பிழைக்க வைக்கவும்

திருவாரூர், தஞ்சாவூர் பக்கத்தில் பள்ளிக்கூட டீமுக்கோ வீட்டுப் பிள்ளைக்கோ கிரிக்கெட் பேட் வாங்க நினைப்பவர்கள், ஆன்லைனில் ஆர்டர் போடுவதற்கு முன்னால் ஒரு சாயங்காலம் மன்னார்குடிக்குப் போய்வாருங்கள். ஹரித்ராநதி தெப்பக்குளத்திலிருந்து நடந்து போகிற தூரத்தில், ஒரு சந்துக்குள், வீட்டுத் திண்ணையை அடைத்துக் கட்டிய சின்னக் கடை. போர்டு கிடையாது. குளக்கரையில் யாரிடமாவது "மேஜர் கடை எங்கே" என்று கேட்டால் கை காட்டுவார்கள். ராணுவத்தில் மேஜராக இருந்து ஓய்வு பெற்றவர் நடத்துகிறார். நான் எழுதப் போகிறேன் என்றதும், "கடையைப் பத்தி எழுதுங்க டீச்சர், என் பேரு வேண்டாம்" என்று சொல்லிவிட்டார். அதனால் இங்கே அவர் மேஜர் சார் மட்டும்தான்.

நான் நீடாமங்கலம் பக்கத்தில் ஓர் அரசு உதவிபெறும் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியை. வடுவூர் கபடிக் காற்று அடிக்கிற பக்கம் இது. எங்கள் பெண் பிள்ளைகள் கபடி ஆடுவார்கள், கோ-கோ ஆடுவார்கள், எறிபந்து ஆடுவார்கள். கிரிக்கெட் என்றால் பையன்கள் ஆடுவதை மரத்தடியிலிருந்து பார்ப்பதோடு சரி. 2025 நவம்பர் 2-ஆம் தேதி நவி மும்பையில் ஹர்மன்பிரீத் தலைமையிலான இந்தியப் பெண்கள் அணி தென்னாப்பிரிக்காவை 52 ரன்களில் வென்று உலகக் கோப்பையை எடுத்தது. அதற்கப்புறம் எட்டாவது, ஒன்பதாவது படிக்கிற பிள்ளைகள் கூட்டமாக வந்து நின்றார்கள். "மிஸ், எங்களுக்கும் டீம் போடுங்க."

டீம் போடலாம். எதை வைத்து ஆடுவது? பழைய மாணவர் ஒருவர் முன்பு அன்போடு வாங்கித் தந்த கிட் ஸ்டோர் ரூமில் இருந்தது. எல்லாம் வளர்ந்த ஆண்களுக்கான முழு அளவு பேட்டுகள். ஐந்தில் ஒன்றுதான் உருப்படி. ஒன்றில் கைப்பிடி ஆடியது, ஒன்றில் அடிப்பகுதி ஊறிப் பிளந்திருந்தது, ஒன்றில் முகத்தில் வெடிப்பு, இன்னொன்றைத் தட்டினால் சத்தமே வரவில்லை. பெரிய ஊர் ஒன்றில் விளையாட்டுச் சாமான் கடைக்கு எடுத்துப் போனேன். கடைக்காரர் கையில் வாங்கிக்கூடப் பார்க்கவில்லை. "இதையெல்லாம் யாரும்மா ரிப்பேர் பண்றாங்க, புதுசா எடுத்துக்கங்க" என்று விலைப் பட்டியலை நீட்டினார். எங்கள் பள்ளியின் விளையாட்டு நிதியை வைத்து அந்தப் பட்டியலில் ஒரு வரியைக்கூட வாங்க முடியாது. எங்கள் கணக்கு டீச்சர் மன்னார்குடிக்காரர். அவர்தான் மேஜர் கடைக்கு வழி சொன்னார்.

முதல் நாள் நடந்ததை விவரமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தக் கடையின் தரம் அதில்தான் இருக்கிறது. மேஜர் சார் பேட்டைக் கையில் வாங்கியதும் ஆட்டிப் பார்க்கவில்லை. காதுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, பழைய லெதர் பந்தால் முகத்தில் மேலிருந்து கீழாகத் தட்டிக்கொண்டே வந்தார். நல்ல இடத்தில் கணீர் என்று வருகிறது. ஊறிப்போன இடத்தில் தொப்பென்று அடங்குகிறது. பென்சிலால் அந்த இடத்தைச் சுற்றி வட்டம் போட்டார். அப்புறம் கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்து முறுக்கி, பிளேடும் கைப்பிடியும் சேருகிற V வடிவ இணைப்பில் கட்டை விரலை வைத்து அசைவைப் பார்த்தார். ஒவ்வொரு பேட்டுக்கும் ஒரு சீட்டு எழுதி நூலில் கட்டினார். கடைசி பேட்டை மட்டும் தனியாக வைத்தார்.

"இது போயிடுச்சு டீச்சர். உள்ளே உளுத்துட்டுது. இதுல நான் காசு வாங்கினா தப்பு. கைப்பிடி மட்டும் நல்ல பிரம்பு, அதை எடுத்து இன்னொண்ணுக்குப் போட்டுக்கலாம்."

மற்ற நான்கையும் சரி பண்ணிவிடலாம் என்றார். விலையும் அப்போதே அந்தச் சீட்டிலேயே எழுதிவிட்டார், பின்னால் ஒரு ரூபாய் கூடவில்லை. ஆனால் உடனே வேலையைத் தொடங்கவில்லை. "பிள்ளைங்கள அழைச்சுக்கிட்டு வாங்க. ஆளைப் பார்க்காம பேட்டை வெட்டமாட்டேன்."

அடுத்த சனிக்கிழமை பிள்ளைகளை அழைத்துப் போனேன். சந்தில் வரிசையாக நிற்க வைத்தார். ஒவ்வொருத்தியும் பேட்டின் உச்சியை மேல் கையால் மட்டும் பிடித்து, நேராக நீட்டிக்கொண்டு நிற்க வேண்டும். அவர் பத்து எண்ணுவதற்குள் மணிக்கட்டு தாழ்ந்தால் அந்த பேட் அவளுக்குக் கனம். வலது கைக்காரிக்கு மேல் கை என்பது இடது கை. பழக்கமில்லாத அந்தக் கைதான் பேட்டை நேராக ஓட்ட வேண்டும், அது சோர்ந்தால் ஆட்டம் முழுக்கக் குறுக்கே இழுக்கிற ஆட்டமாகிவிடும் என்று பிள்ளைகளுக்கே விளக்கினார். ஐந்தடி உயரத்துப் பிள்ளைக்கு 6-ஆம் அளவு, அதைவிடக் கொஞ்சம் உயரமானால் ஹாரோ அளவு, அதாவது முழு அளவுக்கு ஒரு படி கீழே. ஆண்களுக்கான முழு பேட் இவர்கள் கைக்கு ஆகவே ஆகாது.

பெரிய பேட் இருந்தால் பெரிய ஷாட் போகும் என்று நம் பெற்றோர்களும் நினைக்கிறார்கள், பிள்ளைகளும் நினைக்கிறார்கள். "வளர்ற பிள்ளைதானே, ரெண்டு வருசத்துக்கு ஆகுமே" என்று செருப்பு வாங்குகிற மாதிரி பேட்டையும் பெரிதாக வாங்கிவிடுகிறோம். மேஜர் சார் அப்படிக் கேட்பவர்களுக்கு விற்பதே இல்லை. என் கண் முன்னாலேயே ஓர் அப்பாவைத் திருப்பி அனுப்பினார். பையன் ஏழாம் வகுப்பு. அப்பா கையில் பணம் இருந்தது, முழு அளவு இங்கிலீஷ் வில்லோ மரத்து பேட்தான் வேண்டும் என்று நின்றார். "தம்பிக்கு இப்ப அஞ்சாம் நம்பர் காஷ்மீர் வில்லோ போதும் சார். மீதிக் காசுக்கு நல்ல கால் பேடும் கிளவுஸும் வாங்குங்க" என்றார் மேஜர் சார். அப்பா கோபித்துக்கொண்டு போய்விட்டார். மேஜர் சார் அடுத்த சீட்டை எடுத்தார்.

எங்கள் பேட்டுகளுக்கு அவர் செய்தது இது. முழு அளவு பேட்டுகளின் முதுகில் இழைப்புளி போட்டுக் கனத்தைக் குறைத்தார். அடியில் ஊறிப் பிளந்த பகுதியை அறுத்து எடுத்தார், அந்த அளவுக்குக் கைப்பிடியின் உச்சியையும் குறைத்தார். ஆக முழு பேட் ஒன்று ஹாரோ அளவுக்கு வந்துவிட்டது. இணைப்பு ஆடிய பேட்டில் கைப்பிடியைக் கழற்றி, பழைய பசையை உளியால் சுரண்டி, புதுப் பசை போட்டு, இறுக்கியில் வைத்து இரவு முழுக்க விட்டார். மேலே நூல் சுற்றினார். அந்த நூல் சுற்றும் வேலையைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். ஒரு சுற்றுக்கும் அடுத்த சுற்றுக்கும் நடுவில் மயிரிழை இடைவெளி விடமாட்டார். முகத்து வெடிப்புக்குள் பசை இறக்கி, உப்புத்தாள் போட்டு, டேப் ஒட்டினார். அடியில் ரப்பர் டோ கார்டு. கடைசியாகப் புது கிரிப்.

இந்தக் கைவேலையை இவர் எங்கே கற்றார் என்பதைக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரிந்துகொண்டேன். உட்கார வைத்துக் கேட்டால் சொல்லமாட்டார். நூல் சுற்றிக்கொண்டே சொல்வார், முடிச்சுப் போடும்போது நிறுத்திவிடுவார்.

கோரையாற்றங்கரைக் கிராமத்துப் பிள்ளை. அப்பாவுக்கு ஆறு மா நிலம். மேட்டூர் ஜூன் 12-இல் திறந்து தண்ணீர் வந்து சேரும் வரைக்கும் கோடையில் ஆற்று மணல்தான் மைதானம், தென்னை மட்டைதான் பேட். திருச்சியில் கல்லூரி, என்.சி.சி., கல்லூரி அணியில் தொடக்க ஆட்டக்காரர். 1980-இல் பரங்கிமலையில் அதிகாரிகள் பயிற்சிப் பள்ளி. 1963-இல் தொடங்கிய அந்தப் பள்ளிக்கு இப்போது அகாடமி என்று பெயர். அங்கிருந்து மெட்ராஸ் ரெஜிமெண்ட். 1758-இல் தொடங்கிய படை அது, நம் ராணுவத்தின் பழைய காலாட்படைகளில் ஒன்று. நீலகிரியில் வெலிங்டனில்தான் அதன் பயிற்சி மையம். "வீர மதராஸி, அடி கொல்லு, அடி கொல்லு" என்ற அவர்களுடைய போர் முழக்கத்தை எங்கள் பிள்ளைகள் கெஞ்சிக் கேட்டு ஒரே ஒரு தடவை சொல்ல வைத்தார்கள். சந்தில் இருந்த எல்லா வீட்டு ஜன்னலும் திறந்தது.

பட்டாலியன் அணிக்கு ஆடினார், பிரிகேடுக்கு ஆடினார், கமாண்டு அணி வரைக்கும் போனார். சர்வீசஸ் அணியின் தேர்வு முகாமுக்கும் கூப்பிட்டார்கள். ரஞ்சிக் கோப்பையில் ராணுவம், கடற்படை, விமானப்படை மூன்றும் சேர்ந்து ஆடுகிற அணி அது. அங்கே தேர்வாகவில்லை. "என்னைவிட நல்லா ஆடினவங்க இருந்தாங்க, எடுத்தாங்க" என்று சொல்லிவிட்டு அடுத்த பேட்டுக்குப் போய்விட்டார். அதில் வருத்தம் இருந்ததா என்று அவர் முகத்தில் எனக்குப் படிக்கத் தெரியவில்லை.

ராணுவத்தில் கிரிக்கெட் எப்படி இருந்தது என்று கேட்டால் மட்டும் கொஞ்சம் தாராளமாகப் பேசுவார். மேட்ச் நாளன்று ரோந்து போட்டால் ரோந்துதான். நன்றாக ஆடுகிறவன் என்பதற்காக டியூட்டி மாறாது. ஆனால் கோட்டுக்குள் போய்விட்டால் பதவி வெளியே நிற்கும். அவர் பட்டாலியனில் வேகப்பந்து வீசியவர் ஒரு நாயக், அதாவது பதவியில் இவருக்கு ரொம்பக் கீழே, கன்னியாகுமரி பக்கத்துக்காரர். ஸ்லிப்பில் கேட்ச் விட்டால் கேப்டன் ரேங்கில் இருந்த இவரையும் நடு மைதானத்தில் நிற்க வைத்துத் திட்டுவாராம். ஆட்டம் முடிந்து பூட்ஸ் மாற்றியதும் அதே நாயக் விறைப்பாகச் சல்யூட் அடிப்பாராம். "அவரு திட்டினது சரி, அடிச்ச சல்யூட்டும் சரி. ரெண்டையும் வாங்கிக்கணும்" என்று சொல்லும்போது மேஜர் சாரின் குரலில் அந்த நாயக் மேல் இருக்கிற மரியாதை எனக்குக் கேட்டது. இப்போதும் பொங்கலுக்கு இரண்டு பேரும் போனில் பேசிக்கொள்கிறார்கள்.

பேட் தொழில் அவர் கைக்கு வந்தது மாற்றல் உத்தரவுகளால். மீரட்டில் இருந்தார், ஜலந்தரில் இருந்தார், காஷ்மீரில் இருந்தார். மூன்றுமே ராணுவ ஊர்கள் என்று நமக்குத் தெரியும். பேட் செய்கிற ஊர்களும் இவைதான். தேசப் பிரிவினைக்கு முன்னால் இந்தப் பக்கத்து விளையாட்டுச் சாமான்களுக்குத் தலைநகரம் சியால்கோட். 1947-இல் அது பாகிஸ்தானுக்குப் போனபோது, அங்கிருந்து கிளம்பி வந்த தொழில்காரக் குடும்பங்கள் ஜலந்தரிலும் மீரட்டிலும் பட்டறை போட்டன. ஜலந்தரில் பஸ்தி நவ் பகுதி, மீரட்டில் சூரஜ் குண்ட் பகுதி இரண்டிலும் இவர் லீவு நாளில் போய் உட்கார்ந்துவிடுவாராம். காஷ்மீரில் அனந்த்நாக் மாவட்டத்தில் சங்கம், பிஜ்பெஹரா, ஹல்முல்லா என்று நெடுஞ்சாலை ஓரமாகவே பேட் பட்டறைகள். அறுத்த வில்லோக் கட்டைகளைக் காற்றுப் போக இடம் விட்டு, கோபுரம் மாதிரி அடுக்கிக் காய வைத்திருப்பார்கள். இவர் அங்கே இருந்தது 1990-களில். அந்தக் காலத்தில் அந்தச் சாலையில் ராணுவ உடுப்போடு நிற்பது எப்படிப்பட்டது என்று நமக்குத் தெரியும், அவர் அதைப் பேசுவதில்லை. அந்தக் கட்டை அடுக்குகளைப் பற்றி மட்டும் பேசுகிறார். ஒரு கிழவர் கட்டையைத் தட்டிப் பார்க்கச் சொல்லிக்கொடுத்தாராம். பேட்டைக் காதில் வைத்துக் கேட்கிற வித்தை அங்கிருந்து வந்தது.

ரோந்தில் வழுக்கி விழுந்து இடது முட்டி போனதோடு தொடக்க ஆட்டம் முடிந்தது. ஆனால் பட்டாலியன் அணிக்கு பேட் வேண்டுமே. மலை மேல் இருக்கிற முகாமுக்குப் புது பேட் வந்து சேர மாதக் கணக்காகும். உடைந்ததை ஒட்டினால்தான் ஆட்டம். அப்படித் தொடங்கியது இந்த வேலை. ஓய்வு பெற்று ஊருக்கு வந்த பிறகு நிலத்தைத் தம்பி பார்த்துக்கொள்ள, இவர் திண்ணையில் பட்டறை போட்டுவிட்டார்.

இங்கே வந்த பிறகும் அவர் கற்றுக்கொள்வதை நிறுத்தவில்லை. சீர்காழி தாண்டிக் கொள்ளிடம் போகிற வழியில் தைக்கால் பிரம்புக் கடைகள் இருக்கின்றன அல்லவா, நாமெல்லாம் கூடை, நாற்காலி வாங்குகிற இடம், அங்கே போய்ப் பிரம்பு வாங்கிவந்து கைப்பிடிக்கு இழைத்துப் பார்த்திருக்கிறார். டென்னிஸ் பால் பேட்டுக்குத் தாங்குகிறது, லெதர் பந்துக்குத் தாங்கவில்லை என்று கண்டுபிடித்து, அதற்கேற்றபடி மட்டும் பயன்படுத்துகிறார். கிராமத்துப் பையன்களின் டென்னிஸ் பால் பேட்டுகளுக்குக் கைப்பிடி மாற்ற அவர் வாங்குகிற கூலி மிகவும் குறைவு. அதற்குக் காரணம் அந்தப் பிரம்பு.

கடைச் சுவரில் ஒரே ஒரு படம். முதல் நாள் பிள்ளைகள் "யாரு தாத்தா இது" என்று கேட்டார்கள். கேட்டது நல்லதாகப் போயிற்று. லெப்டினன்ட் கர்னல் ஹேமு அதிகாரி. 1919-இல் புனேயில் பிறந்தவர், ராணுவ அதிகாரி, இந்தியாவுக்கு 21 டெஸ்ட் ஆடியவர். 1948-இல் டெல்லியில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 114. 1952-இல் அதே டெல்லியில், பாகிஸ்தானோடு இந்தியா ஆடிய முதல் டெஸ்டில், கடைசி ஆட்டக்காரர் குலாம் அகமதுவை வைத்துக்கொண்டு 109 ரன் சேர்த்தார். ஹேமு அதிகாரி 81, ஆட்டமிழக்கவில்லை. இந்தியாவின் அந்தக் கடைசி விக்கெட் சாதனை 2004-இல் டெண்டுல்கரும் ஜாகீர் கானும் முறியடிக்கும் வரைக்கும் நின்றது. மேஜர் சார் இதைச் சொல்லும்போது கையில் இருந்த கொட்டாப்புளியைக் கீழே வைத்துவிட்டார். பதினோராவது ஆளை நம்பி மறுமுனையைக் கொடுப்பது பெரிய காரியம் என்றார்.

1958-59 தொடரில் அதே வெஸ்ட் இண்டீஸோடு ஆடும்போது ஐந்து டெஸ்டுக்குள் இந்தியா நான்கு கேப்டன்களை மாற்றியது. உம்ரிகர், குலாம் அகமது, மன்கட் மூன்று பேருக்குப் பிறகு கடைசி டெஸ்டுக்கு ஹேமு அதிகாரியைக் கூப்பிட்டார்கள். வயது முப்பத்தொன்பது. வந்தார், 63-ம் 40-ம் அடித்தார், மூன்று விக்கெட்டும் எடுத்தார், ஆட்டம் டிராவானது. அதோடு டெஸ்ட் கிரிக்கெட்டை முடித்துக்கொண்டார். அந்த ஐம்பதுகளில்தான் சர்வீசஸ் அணி 1956-57, 1957-58 என்று அடுத்தடுத்து இரண்டு வருடம் ரஞ்சி இறுதிப் போட்டிக்குப் போனது. ஒன்றில் பம்பாயிடமும் இன்னொன்றில் பரோடாவிடமும் தோற்றது. சிப்பாய்களும் அதிகாரிகளும் கலந்த ஓர் அணி நாட்டின் பெரிய கிரிக்கெட் ஊர்களோடு அந்த அளவுக்கு மோதியது எங்கள் பிள்ளைகளுக்குத் தெரியாது, எனக்கும் முழுதாகத் தெரியாமல்தான் இருந்தது.

ஒரு பையன் தோனியைப் பற்றிக் கேட்டான், அவரும் லெப்டினன்ட் கர்னல்தானே என்று. "ஆமாம் தம்பி, 2011-ல கௌரவப் பதவியாக் குடுத்தாங்க. கபில்தேவுக்கும் அப்படித்தான் குடுத்தாங்க. 2019-ல தோனி லீவு எடுத்துக்கிட்டுக் காஷ்மீர்ல யூனிட்டோட போய் இருந்தாரு, அது எனக்குப் பிடிச்சுது. ஆனா இவரு வேற. இவருக்கு முதல்ல ராணுவம்தான் வேலை, அப்புறம்தான் ஆட்டம்." அவ்வளவுதான் பதில். இரண்டு பேரில் யாரையும் குறைத்துப் பேசவில்லை.

ஹேமு அதிகாரி படத்தை மாட்டியதற்கு முக்கியமான காரணம் இன்னொன்று. 1971-இல் வடேகர் தலைமையில் இங்கிலாந்துக்குப் போன இந்திய அணிக்கு அவர்தான் மேனேஜர். உடற்பயிற்சியும் ஃபீல்டிங்கும் என்று அந்த அணியை வாட்டி எடுத்தவர் என்று பெயர். ஓவல் டெஸ்டில் சந்திரசேகர் 38 ரன்னுக்கு 6 விக்கெட் எடுத்து இங்கிலாந்து 101-க்கு முடிந்ததை எல்லாரும் சொல்வார்கள். மேஜர் சார் சொல்வது அதே இன்னிங்ஸில் நம்ம வெங்கட்ராகவன் பந்தில், முன்னால் பாய்ந்து தரையோடு தரையாகச் சோல்கர் எடுத்த ஆலன் நாட் கேட்சைத்தான். இந்தியா இங்கிலாந்து மண்ணில் முதல் முறை டெஸ்ட் ஜெயித்தது ஆகஸ்ட் 24-ஆம் தேதி, நான்கு விக்கெட் வித்தியாசத்தில். மேஜர் சார் அப்போது பள்ளிக்கூடப் பையன், டீக்கடை ரேடியோவில் கேட்டிருக்கிறார்.

இதனால் கடைக்குப் போகிறவர்களுக்கு என்ன லாபம் என்று கேட்கலாம். பெரிய லாபம் இருக்கிறது. பள்ளி டீமுக்கு பேட் ரிப்பேர் கொடுத்தால், கூப்பிட்ட பள்ளிக்கு அவரே வந்து பார்க்கிறார். எங்கள் பள்ளிக்கு டி.வி.எஸ். வண்டியில் வந்தார். வந்தவுடன் பேட்டிங் சொல்லிக்கொடுப்பார் என்று பிள்ளைகள் பேடு கட்டிக்கொண்டு நின்றார்கள். அன்று முழுக்க பேட்டைத் தொடவே விடவில்லை. கேட்ச், கேட்ச், கேட்ச். முதலில் டென்னிஸ் பந்து, அப்புறம் லெதர். பெண்களுக்கான பந்து 140 முதல் 151 கிராம், ஆண்கள் பந்து 156 முதல் 163 கிராம். எங்களிடம் இருந்ததெல்லாம் ஆண்கள் பந்து என்று எடை மெஷினில் வைத்துக் காட்டினார், மாற்றச் சொன்னார். அந்தப் பத்துப் பதினைந்து கிராம்தான் பிள்ளைகள் விரல் வீங்குவதற்குக் காரணம். பந்தை மாற்றியதும் கேட்சுக்குப் பின்வாங்குகிற பழக்கம் பாதிக்குப் பாதி போய்விட்டது. இதற்கு அவர் தனியாகக் காசு வாங்கவில்லை, பெட்ரோலுக்குக்கூட வாங்கவில்லை, மோர் மட்டும் குடித்தார்.

பிட்ச் விஷயத்திலும் உதவினார். எங்கள் மண் களிமண், கோடையில் கை நுழைகிற அளவுக்கு வெடித்துவிடும். பாய் விரித்து ஆடினாலும் அடியில் வெடிப்பு இருந்தால் பந்து எங்கே எகிறும் என்று சொல்ல முடியாது. தண்ணீர் தெளித்து, மணல் கலந்த மண்ணை வெடிப்புக்குள் இட்டு, உருளை ஓட்டி, மறுபடி தெளித்து, பாயை நான்கு பக்கமும் ஆணி அடித்து இழுத்துக் கட்ட வேண்டும். பாய் தொளதொளவென்று இருந்தால் பந்து நின்று வரும். எங்கள் வாட்ச்மேன் அண்ணனும் அவருமாகச் சேர்ந்து செய்தார்கள்.

இனி டெல்டாக்காரர்கள் எல்லாருக்கும் உபயோகமான ஒரு விஷயம், பேட்டைப் பாதுகாப்பது. நம் ஊரில் பேட் ஆட்டத்தில் உடைவதைவிட ஈரத்தில் கெடுவதுதான் அதிகம் என்கிறார் மேஜர் சார். அக்டோபர் முதல் டிசம்பர் வரைக்கும் அடைமழை, சுற்றிலும் சம்பா வயலில் தண்ணீர், ஸ்டோர் ரூம் சுவரில் கை வைத்தால் ஈரம். பேட்டைச் சுவரோரமாக நிறுத்தி வைக்கிறோம். அடிமரம் தரையின் ஈரத்தைக் குடித்துவிடுகிறது. ஜனவரியில் எடுத்துப் பனி இறங்கிய புல்லில் ஆடினால் பிளந்துவிடுகிறது. அவர் சொன்னபடி நாங்கள் இப்போது செய்வது: தரையிலிருந்து உயரத்தில் பலகை போட்டுப் படுக்க வைக்கிறோம். ஆடி முடித்ததும் அடிப்பகுதியை உலர்ந்த துணியால் துடைக்கிறோம். ஆளிவிதை எண்ணெயை விரலில் தொட்டு மெல்லிசாக முகத்திலும் ஓரங்களிலும் அடியிலும் தடவுகிறோம், கைப்பிடி இணைப்பில் படாமல். எண்ணெய் நிறைய விட்டால் நல்லது என்று ஊற்றிவிடக் கூடாது, மரம் கனத்துச் செத்துவிடும். டேப் ஒட்டிய முகத்துக்கு எண்ணெயே வேண்டாம். புது பேட் வாங்கினால் உடனே ஆடாமல், கொட்டாப்புளியாலோ பழைய பந்தாலோ பல நாள் தட்டிப் பதப்படுத்த வேண்டும், ஓரத்தில் மெதுவாகத் தொடங்கி. இந்தத் தட்டும் வேலையைக் கடையிலேயே செய்து தருவார், ஆனால் பிள்ளைகளையே உட்கார வைத்துத் தட்டச் சொல்கிறார். எங்கள் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் மதிய இடைவேளையில் முறை வைத்துத் தட்டுகிறார்கள். தட்டித் தட்டி பேட்டின் சத்தத்தைக் கேட்கப் பழகிவிட்டார்கள். எந்த பேட் யாருடையது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்கிறாள் ஒருத்தி.

குறைகளும் இருக்கின்றன, சொல்ல வேண்டும். வேலை மெதுவாகத்தான் நடக்கும். கைப்பிடி மாற்றக் கொடுத்தால் பத்து நாளாவது ஆகும். பசை காயாமல் கொடுக்கமாட்டார், எவ்வளவு அவசரப்படுத்தினாலும். போன் எடுப்பதே இல்லை. ஹெல்மெட் வைத்திருக்கவில்லை, பெண் பிள்ளைகள் அளவுக்கான பேடும் கிளவுஸும் இரண்டொன்றுதான் இருக்கும், அவற்றுக்குத் தஞ்சாவூரோ திருச்சியோதான் போக வேண்டும். இவ்வளவு தெரிந்தவர், தொடர்ந்து வருகிற பள்ளிகளுக்காகவாவது ஹெல்மெட் தருவித்து வைக்கலாம் என்று அவரிடமே சொல்லியிருக்கிறேன். லெதர் பந்து ஆட்டத்தில் அது இல்லாமல் பிள்ளைகளை இறக்க முடியாது. சந்துக்குள் வண்டி நிறுத்த இடமில்லை. பேட்டை அழுக்காகக் கொண்டுபோனால் வாங்கமாட்டார், துடைத்துவிட்டு வரச் சொல்வார். பையன்கள் சிலர் இதற்காகவே முகம் சுளிக்கிறார்கள். எனக்கு இது குறையாகத் தெரியவில்லை.

கூலி விவரம் நான் கொடுத்தபடி: கிரிப் மாற்ற 80 ரூபாய், டோ கார்டு 150, நூல் சுற்ற 120, இணைப்பைப் பிரித்து ஒட்ட 350. பழைய கைப்பிடியை வேறு பேட்டுக்குப் போட்டதற்குக் கைப்பிடிக்கு விலை போடவில்லை. புது காஷ்மீர் வில்லோ பேட் சிறு அளவுகளில் 1,400 ரூபாயிலிருந்து. பழைய கடைக்காரர் நீட்டிய பட்டியலில் ஒரு பேட்டுக்கு இருந்த விலையைவிடக் குறைவான தொகையில் எங்கள் நான்கு பேட்டுகளும் ஆடத் தயாராகிவிட்டன. ஜி-பே வேலை செய்கிறது, அவருடைய வீட்டம்மா பார்த்துக்கொள்கிறார்.

கடை மாலை நாலரைக்குத் திறக்கும், எட்டு வரைக்கும் இருப்பார். ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்காவது அம்பயராக நின்றுகொண்டிருப்பார், அன்று போக வேண்டாம். பிள்ளையை அழைத்துக்கொண்டு போங்கள், இல்லாவிட்டால் பேட் கிடைக்காது. பொங்கல் டோர்னமென்டுக்கு பேட் தயாராக வேண்டுமென்றால் மார்கழி பிறப்பதற்கு முன்னாலேயே கொடுத்துவிடுங்கள். போகிக்கு முந்தின வாரம் சந்து முழுக்க பையன்கள் நிற்பார்கள், அப்போது அவர் யாரிடமிருந்தும் வேலை வாங்குவதில்லை.